பெரணி ஸ்போர் தூவச் செங்கல்லா, தென்னை நார்த்தூளா?

தாய்ச்செடியைப் பிரித்து நடுவது எளிது என்றாலும், இலையடியில் பழுப்புப் புள்ளிகளாகத் திரளும், விதைக்கு ஈடான நுண்தூளாகிய ஸ்போர்களிலிருந்து வளர்ப்பவருக்கே பெரணியின் இரு தலைமுறைகளையும் கண்ணால் காண வாய்க்கிறது. வீட்டில் இதற்குத் தென்னை நார்த்தூள் நிரப்பிய டப்பாவும், நீரில் நிறுத்திய செங்கல் துண்டும் நல்ல வழிகள். பரிசோதனைக் கூடத்தில் அகார் என்னும் கடற்பாசிக் கூழில் வளர்க்கும் முறையில் ஒரு பூஞ்சை நுழைந்தாலே தட்டு முழுதும் பாழாகும் என்பதால், அதை இங்கே விட்டுவிடுகிறேன்.

நார்த்தூளில் கொதிநீர் ஊற்றி, மூடி ஆறவைத்து, ஸ்போரைத் தூவ வேண்டும். பெரும்பாலான பெரணிகளின் ஸ்போர் முளைக்க ஒளி தேவைப்படுவதால், மேலே மண் போடக் கூடாது. இளநாற்றைப் பெயர்க்கும்போது வேர் அறுவதில்லை என்பது இம்முறையின் பெரிய நன்மை. ஆயினும் நார்த்தூள் மட்கும் பொருளாதலால் பூஞ்சைக்கும் உணவாகிறது. நீர் தெளிக்க மூடியைத் திறக்கும்போதெல்லாம் பாசியின் ஸ்போரும் உள்ளே வந்து விழுகிறது.

செங்கல்லில் இந்தத் தொல்லை குறைவு. நுண்துளை மிகுந்த நாட்டுச் செங்கல் துண்டைக் கொதிக்கவைத்து, மூடியுள்ள கண்ணாடி ஜாடியில் 2 செ.மீ. நீரில் நிறுத்தினால், அது தனக்கு வேண்டிய ஈரத்தைத் தானே மேலேற்றிக்கொள்ளும். பழைய கிணறுகளின் உட்சுவரில் பெரணிகள் தாமாக முளைத்திருப்பதைப் பார்த்தவர்களுக்கு இது வியப்பளிக்காது. மூடிய கண்ணாடிக்குள் பெரணி தழைக்கும் என்பதை, 1829-இல் லண்டன் மருத்துவர் நத்தானியேல் வார்டு ஒரு குப்பியில் தற்செயலாகக் கண்டார்.

இந்த இடையறாத ஈரமே முடிவைத் தீர்மானிக்கிறது என்பது என் கருத்து. சில வாரங்களில் தோன்றும் பச்சைப் படலம், சில மில்லிமீட்டர் அகலமுள்ள இதயவடிவப் புரோதாலஸ்களாக, அதாவது பெரணியின் இரு தலைமுறைகளில் இலைச்செடிக்கு முந்தைய சிறு தலைமுறையாக, விரிகிறது. அவற்றின் அடிப்புறத்து ஆண் அணுக்கள் நீர்ப்படலத்தில் நீந்திச் சென்று முட்டையணுவை அடைந்தால்தான் புதுச்செடிக்கான கரு உண்டாகும். பல மாதம் நீளும் இக்காத்திருப்பில் நார்த்தூள் ஒருமுறை காய்ந்தாலும் உழைப்பு வீணாகிவிடும். செங்கல்லிலும்கூட, படலம் முதிர்ந்தபின் கொதித்தாறிய நீரை நுண்துளிகளாகத் தெளிக்க வேண்டும். எம்முறையானாலும் அடர்த்தியாகத் தூவலாகாது. பல பெரணிகளில் முதலில் முதிரும் புரோதாலஸ்கள் சுரக்கும் ஆந்தெரிடியோஜென் என்னும் பொருள், அண்டையிலுள்ளவற்றை ஆண் உறுப்பு மட்டுமே தாங்கச் செய்துவிடும்.

செங்கல்லின் குறை அதன் இறுதியில் வெளிப்படுகிறது: சத்துக் குறைவு, மேலும் வேர் நுண்துளைக்குள் இறங்கிவிட்டால் நாற்றைப் பிய்க்காமல் எடுக்க முடியாது. ஆகவே செங்கல்லில் தொடங்கி, முதல் சிற்றிலைகள் எழுந்தவுடனே, வேர் ஊன்றுவதற்கு முன்பாக, புரோதாலஸ்களைச் சிறு கொத்தாகக் கிள்ளி நார்த்தூளுக்கு மாற்றுவதையே நான் பரிந்துரைப்பேன். அங்கும் மூடியை ஒரேயடியாக அகற்றாமல், இரண்டு வாரங்களில் நாளுக்கு நாள் சற்றுக் கூடுதலாகத் திறந்து பழக்க வேண்டும்.