பெயின்டிங் காண்ட்ராக்ட் பதிவு, இன்சூரன்ஸ்: ஒரு கன்சல்டன்சி அனுபவம்

நாலு ஆளை வைத்துப் பெயின்டிங் காண்ட்ராக்ட் தொடங்கலாம் என்று எங்கள் ஊர் பஸ் ஸ்டாண்ட் பக்கம் இருக்கும் ஒரு கன்சல்டன்சிக்குப் போனேன். சிறு தொழில்களுக்கான அரசுப் பதிவான உத்யம் பதிவுக்கு 1,500 ரூபாய் கேட்டார்கள். ஆதார், பான் இருந்தால் அரசுத் தளத்தில் நாமே இலவசமாகச் செய்துகொள்ளலாமே என்றால், "சர்வீஸ் சார்ஜ் சார்" என்று ஒரு சிரிப்பு. ஜிஎஸ்டியும் உடனே எடுக்கச் சொன்னார்கள். தமிழ்நாட்டுக்குள்ளேயே வேலை, வருட வரவு 20 லட்சத்தைத் தாண்டாது என்றால் அது கட்டாயமில்லை, எடுத்துவிட்டால் அப்புறம் ரிட்டர்ன் தாக்கல் செய்ய அவர்களிடமே போய் நிற்க வேண்டியதுதான்.

ஆனால் அங்கே இன்சூரன்ஸ் பார்க்கிற அம்மா கெட்டி. சாரத்திலிருந்து ஆள் விழுந்தால் இழப்பீடு நம் தலையில்தான், அதற்குத் தொழிலாளர் இழப்பீட்டு பாலிசி. பக்கத்து வீட்டு கார் மேல் பெயின்ட் கொட்டினால் அதற்கு மூன்றாம் நபர் பொறுப்புக் காப்பீடு தனி என்று பிரித்துச் சொன்னார். படிவத்தில் 'வெளிச்சுவர், உயர வேலை' என்று எழுதவைத்தார். கூலியைக் குறைத்துக் காட்டவும் விடவில்லை. அப்படிக் காட்டினால் பிரீமியம் குறையும், ஆனால் கிளெய்ம் அன்று மாட்டிக்கொள்வோமாம். ஆட்களைக் கட்டுமானத் தொழிலாளர் நலவாரியத்தில் பதியச் சொன்னதும் அவர்தான்.

இன்சூரன்ஸுக்கு மட்டும் போங்க.