பிச்சாவரமா, மன்னார் வளைகுடாவா: எங்கே உயிர்வகை அதிகம்?

எண்ணிக்கையை மட்டும் பார்த்தால் போட்டியே இல்லை, மன்னார் வளைகுடாதான். ராமேஸ்வரம் பக்கத்திலிருந்து தூத்துக்குடி வரை நீளும் அதன் 21 தீவுகளைச் சுற்றி, கெட்டியான பவளங்களில் மட்டும் 117 வகைகள் பதிவாகியிருக்கின்றன. பவளத் திட்டு முழுக்கச் சந்தும் பொந்துமாக இருப்பதால் கிளிமீனுக்கு ஒரு இடம், சிங்கி இறாலுக்கு ஒரு இடம், கடற்குதிரைக்கும் கடல் அட்டைக்கும் பக்கத்துக் கடற்புல் மேடு என்று ஆளுக்கொரு மூலை கிடைத்துவிடுகிறது.

பிச்சாவரம், சிதம்பரம் பக்கத்து அலையாத்திக் காடு; அங்கே மர வகைகள் குறைவு. உப்பையும் காற்றுப் புகாத சேற்றையும் தாங்கும் மரங்கள் எத்தனைதான் இருக்கும்? வெண்கண்டல்தான் பெரும்பான்மை, படகுக் கால்வாய் ஓரங்களில் சுரபுன்னை. ஆனால் அந்தச் சில மரங்கள் உதிர்க்கும் இலை சேற்றில் மட்கி நண்டு, இறால், மீன்குஞ்சு என்று ஒரு பெரிய கூட்டத்துக்கே சாப்பாடு போடுகிறது. வெள்ளாறும் கொள்ளிடமும் கொண்டுவரும் நன்னீர் குறைந்து உப்பு ஏறினால் அந்த மரங்களே திணறிப்போகும்.

பவளத்துக்கு எதிரி சூடு. கடல்நீர் வழக்கத்தைவிட ஓரிரு டிகிரி கூடி சில வாரம் நீடித்தாலே பவளம் நிறமிழந்து வெளுத்துவிடும், 2010லும் 2016லும் மன்னாரில் அதுதான் நடந்தது. பிச்சாவரத்தில் நன்னீர் வரத்தைச் சரிசெய்து, கால்வாய் வெட்டி, கன்று நட்டு ஓரளவு மீட்க முடிந்தது. பவளத்தையும் நடுகிறார்கள்தான், ஆனால் கடலின் சூட்டை யார் குறைப்பது?