'அமராவதி ஆற்றில் கிடைத்தது' என்று விற்கப்படும் டைபீரியஸ் வெள்ளிக்காசு: பணம் போடும் முன் படியுங்கள்

ரோமப் பேரரசர் டைபீரியஸின் தெனாரியஸ் (ரோமானிய வெள்ளிக்காசு) என்று சொல்லி இணையத்தில் ரூ. 18,500-க்கு எங்களிடம் விற்கப்பட்ட காசு, நிஜக் காசுபோல் அச்சில் வைத்துச் சம்மட்டியால் அடித்ததே அல்ல, உலோகத்தை உருக்கி ஊற்றிய வார்ப்பு. பணத்தைத் திருப்பிக் கேட்டதற்கு, "பழங்காசுக்கு யாரும் கேரண்டி தரமாட்டார்கள், பார்த்துத்தானே வாங்கினீர்கள்" என்று பதில். பில்லை எடுத்துப் பார்த்தால் 'அலங்காரப் பொருள்' என்று எழுதியிருக்கிறது. அதே படங்கள் இப்போது வேறு பெயரில் ஓடிக்கொண்டிருக்கின்றன.

நிஜக் காசின் அடையாளம் இது. முன்பக்கம் இலைமாலை சூடி வலப்புறம் பார்க்கும் தலை. சுற்றிலும் 'தெய்வமான அகஸ்டஸின் மகன் டைபீரியஸ் சீசர் அகஸ்டஸ்' என்று லத்தீன் சுருக்கெழுத்து. பின்பக்கம் செங்கோலும் கிளையும் ஏந்தி அமர்ந்திருக்கும் பெண், 'பொந்திஃப் மாக்சிம்' என்ற எழுத்து. லுக்துனும், அதாவது இன்றைய பிரான்சின் லியோன் அக்கசாலையில் அடித்தது. "சீசருக்குரியதைச் சீசருக்கு" என்று பைபிளில் வரும் காசு இதுதான் என்ற பெயர் ஒட்டிக்கொண்டதால் உலகம் முழுக்கக் கிராக்கி, அதே அளவுக்குப் போலியும் உண்டு. தென்னிந்தியப் புதையல்களில் மிகுதியாகக் கிடைக்கும் ரோமானிய வெள்ளிக்காசு வகைகளில் இது ஒன்று; கரூரில் அமராவதி ஆற்றுப்படுகையில் ரோமானியக் காசுகள் கிடைத்ததும் உண்மை. அதனால்தான் ஆற்றுக் கதை எடுபடுகிறது.

முதலில் எடை. ஒரு ரோமானியப் பவுண்டு வெள்ளியில் ஏறக்குறைய 84 காசு என்பது அந்தக் காலக் கணக்கு. கி.பி. 64-இல் பேரரசர் நீரோதான் அதை 96 காசாக்கி எடையைக் குறைத்தார். ஆகவே நல்ல நிலையிலுள்ள டைபீரியஸ் காசு 3.6 முதல் 3.9 கிராம் வரை நிற்கும். வந்த காசு 3.42. நன்றாகத் தேய்ந்த காசென்றால் விட்டுவிடலாம். முடிக்கற்றை ஒவ்வொன்றும் தெரிகிற காசு 3.42 என்றால் இடிக்கிறது.

அடுத்தது அடர்த்தி. இதை வீட்டிலேயே பார்க்கலாம். 0.01 கிராம் காட்டும் சின்னத் தராசில் தண்ணீர் டம்ளரை வைத்துப் பூஜ்யமாக்குங்கள். காசை மெல்லிய நூலில் கட்டி, அடியிலும் பக்கத்திலும் படாமல் முழுக்க மூழ்கவிடுங்கள். தராசு காட்டும் எண்ணால் காசின் எடையை வகுத்தால் அடர்த்தி. இந்தக் காசுக்குத் தராசு காட்டியது 0.41, 3.42-ஐ 0.41-ஆல் வகுத்தால் 8.3. நல்ல காசு 3.75 கிராம் என்றால் 0.36 காட்டும், 10.4 வரும். வெள்ளி 10.5, செம்பு 8.9. உள்ளே செம்பும் மேலே வெள்ளித் தகடுமாக ரோமானியர் காலத்திலேயே செய்த கள்ளக்காசுகூடச் செம்புக்குக் கீழே இறங்காது. இது இறங்கிவிட்டது, ஆகவே வெள்ளீயம் கலந்த உலோகமோ, உள்ளே ஓட்டை விழுந்த வார்ப்போதான். காசில் காற்றுக்குமிழி ஒட்டினால் அடர்த்தி குறைவாகக் காட்டும். தண்ணீரில் ஒரு சொட்டுப் பாத்திரம் கழுவும் திரவம் விடுங்கள். 0.01 பிசகினாலே விடை கால் புள்ளி மாறும் என்பதால் ஐந்து தடவை பார்த்துச் சராசரி எடுங்கள்.

காசோடு '98 சதவீதம் வெள்ளி' என்று ஒரு மெஷின் ரசீதும் வந்தது. நகைக்கடை மெஷின் மேல்தோலைத்தான் படிக்கும். முலாம் பூசியிருந்தால் முலாமைப் படித்துச் சொல்லும்.

இவர்கள் பயன்படுத்திய இன்னொரு தந்திரம், அரசர் கழுத்தில் ஓர் உளிவெட்டு. 1898-இல் புதுக்கோட்டைப் பகுதியில் கிடைத்த 501 ரோமானியப் பொற்காசுகளில் பெரும்பாலானவற்றில் தலைமேல் இப்படி வெட்டு உண்டு. இந்தியாவில் கிடைத்ததற்கு அதுவே சாட்சி என்றார்கள். பத்து மடங்கு பெரிதாக்கிக் காட்டும் லூப் என்ற கைலென்ஸில் பார்த்தால் சாயம் வெளுத்தது. உளி இறங்கினால் உலோகம் இருபுறமும் பிதுங்கி வரப்புக் கட்டும், அடி கூர்மையாக இருக்கும். இதில் வரப்பும் இல்லை, கூர்மையும் இல்லை. சோப்பில் நகம் பட்டது மாதிரி ஒரு பள்ளம். எழுத்துகளின் இடுக்கில் ஊசிமுனை அளவு உருண்டைகள். வார்ப்பு அச்சிலிருந்த காற்றுக்குமிழிகளில் உலோகம் புகுந்தவை. விளிம்பில் ஒரே திசையில் அரம் தேய்த்த கோடு. விளிம்புப் படத்தை விற்றவர் ஏன் போடவில்லை என்பது அப்போதுதான் புரிந்தது.

கடைசியாகத் தேடிய இரட்டைப்பிள்ளையை, அதாவது இதே காசின் அச்சுஅசலான இன்னொரு பிரதியைத்தான், முதலில் தேடியிருக்க வேண்டும். ஒரே அச்சில் அடித்த இரண்டு காசுகளில் உருவம் ஒன்றாக இருக்கலாம். ஆனால் கையால் சம்மட்டி அடித்தவை என்பதால் விளிம்பின் வடிவமும் உருவம் விழுந்த இடமும் தற்செயலாக விழுந்த கீறலும் ஒன்றாக இருக்கவே முடியாது. அதே உளிவெட்டு, அதே இடத்தில், இன்னும் மூன்று விற்பனைப் படங்களில் இருந்தது.

ஆற்றுக் கதை நிஜமாகவே இருந்தாலும் சிக்கல்தான். 1878-ஆம் ஆண்டுப் புதையல் சட்டப்படி, பத்து ரூபாய்க்கு மேல் மதிப்புள்ள புதையலைக் கண்டெடுத்தவர் கலெக்டருக்குத் தெரிவிக்க வேண்டும். 1972-ஆம் ஆண்டுத் தொல்பொருள் சட்டப்படி நூறாண்டு கடந்த காசும் தொல்பொருள். அதில் வியாபாரம் செய்ய உரிமம் வேண்டும். உரிம எண்ணைக் கேளுங்கள்.

எடை, விளிம்புப் படம், 'போலியென்றால் முழுப்பணம் திரும்ப' என்ற எழுத்து, இந்த மூன்றும் கைக்கு வரும்வரை பணம் போடாதீர்கள். ஏற்கெனவே போட்டுவிட்டீர்கள் என்றால் உரையாடலையும் விளம்பரப் படத்தையும் அவர்கள் நீக்குவதற்குள் சேமித்துவைத்துக்கொண்டு, இணையக் குற்றப் புகாருக்கான 1930 என்ற உதவி எண்ணுக்கு உடனே கூப்பிடுங்கள்.