யாமுரா, ருஸ்காரா?

துருக்கியில் மழையும் பெயர்தான், காற்றும் பெயர்தான். மழை 'யாமுர்', பெரும்பாலும் பெண்களுக்கு. காற்று 'ருஸ்கார்', ஆண் குழந்தைகளுக்கே அதிகம் வைக்கிறார்கள்.

யாமுர் அசல் துருக்கியச் சொல். 'பெய்' என்ற வினையிலிருந்தே பிறந்தது. நம் 'பெயல்' மாதிரியே. எழுத்தில் நடுவே ஒரு 'க' உண்டு, தலையில் சின்னப் பிறையோடு. அதை யாரும் உச்சரிப்பதில்லை, முன்னால் இருக்கும் 'ய'வை நீட்டிவிட்டு அது மறைந்துவிடும். கூப்பிட்டுப் பாருங்கள், யா...முர்.

ருஸ்கார் பாரசீகத்திலிருந்து வந்தது. அங்கே அதற்குக் 'காலம்' என்று பொருள். துருக்கிக்குப் போனதும் காற்றாகிவிட்டது. அதே சொல் இந்திக்கு வந்து 'ரோஜ்கார்', அதாவது பிழைப்பு, வேலை. 1989-இல் தொடங்கிய ஜவகர் ரோஜ்கார் யோஜனா என்ற வேலைவாய்ப்புத் திட்டம் நினைவிருக்கிறதா? அந்த ரோஜ்கார்தான்! ஒரு சொல் இவ்வளவு தூரம் நடந்திருக்கிறதே என்று எனக்கு மலைப்பு.

சரி, எது என் தேர்வு? சொல்லின் கதைக்காக என்றால் ருஸ்கார். ஆனால் வாசலில் நின்று பிள்ளையைக் கூப்பிட யாமுர்தான். அந்த நீண்ட 'யா'வை விட எனக்கு மனசில்லை.