ஷவர் ஸ்கிரீனை மாற்றினால் எஸ்பிரசோ மாறுமா?

எஸ்பிரசோ இயந்திரத்தில் காப்பித்தூளுக்கு நேர் மேலே, குனிந்து பார்த்தாலொழியக் கண்ணில் படாத துளைத் தகடுதான் ஷவர் ஸ்கிரீன். பாய்லரிலிருந்து வரும் வெந்நீரைத் தூளின் பரப்பு முழுவதும் விரித்துக் கொடுப்பதும், பம்ப் நின்றதும் தூள் மேலேறி இயந்திரத்துக்குள் புகாமல் தடுப்பதும் அதன் வேலை. இயந்திரத்தோடு வந்த தகட்டைக் கழற்றிவிட்டு, நுண்ணிய வலை இணைத்த ஒன்றைப் போட்டால் சாறு சீராக இறங்கும் என்று காப்பிப் பிரியர்கள் பலர் உறுதியாகச் சொல்கிறார்கள். பிரான்ஸுக்குச் சொந்தமான ரீயூனியன் தீவின் சேன் பியேர் நகரில் இருக்கும் என் வீட்டில், 58 மில்லிமீட்டர் போர்ட்டாஃபில்டரும் (தூளை நிரப்பி இயந்திரத்தில் மாட்டும் கைப்பிடிக் கிண்ணம்) ஒற்றைப் பாய்லரும் கொண்ட இயந்திரத்தில், இத்தாலியின் ஐ.எம்.எஸ். நிறுவனம் தயாரிக்கும் 200 மைக்ரான் (0.2 மில்லிமீட்டர்) வலை ஸ்கிரீனைப் பொருத்திப் பல மாதங்களாகப் பயன்படுத்தி வருகிறேன். வாங்கத்தக்க பொருள்தான், ஆனால் பலர் சொல்லும் காரணத்துக்காக அல்ல.

நம்மவர்களுக்கு இதன் தத்துவம் புதிதன்று. டிகாக்‌ஷன் ஃபில்டரின் மேல் பாத்திரத்தில் தூளைப் போட்டு, அதன்மேல் காம்பு வைத்த துளைத்தட்டை அமுக்கிய பிறகுதானே வெந்நீர் ஊற்றுகிறோம்? அந்தத் தட்டு இல்லாமல் ஊற்றினால் நீர் விழுந்த இடத்தில் குழி பறித்துக்கொண்டு, மற்ற இடத்துத் தூளை நனைத்தும் நனைக்காமலும் விட்டுவிட்டு இறங்கிவிடும். எஸ்பிரசோவில் அதே சங்கடம் பல மடங்கு பெரிதாகிறது. ஏனென்றால் இங்கே நீரைத் தள்ளுவது புவியீர்ப்பு அல்ல, ஏறத்தாழ 9 பார் அழுத்தம். 58 மில்லிமீட்டர் விட்டமுள்ள தூள் வில்லையின் மீது அது 200 கிலோவுக்கும் மேற்பட்ட எடையாக அமர்கிறது. வில்லையில் ஓரிடம் சற்றே தளர்ந்திருந்தாலும் நீர் அந்த வழியாக அரித்துக்கொண்டு பாயும். சேனலிங் என்பது இதுதான். பாய்ந்த வழியில் உள்ள தூளிலிருந்து தேவைக்கு மேல் உறிஞ்சப்பட்டுக் கசப்பு வரும். நீர் சரியாகத் தொடாத தூளிலிருந்து புளிப்பு மட்டும் வரும். இரண்டும் ஒரே கோப்பையில் சேரும்போது அரைப்பை எந்தப் பக்கம் திருப்புவது என்றே தெரியாது.

ஆனால் ஸ்கிரீனின் பங்கு எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்பதைத் தெளிவாகப் புரிந்துகொண்டால்தான் பணத்தைச் சரியாகச் செலவிட முடியும். வில்லைக்கும் ஸ்கிரீனுக்கும் இடையே உள்ள சிறு இடைவெளி நீரால் நிரம்பி அழுத்தம் ஏறிவிட்டால், அதன் பிறகு பரப்பின் எல்லாப் புள்ளியிலும் அழுத்தம் ஒன்றே. நீர் எந்தத் துளை வழியாக வந்தது என்பது பொருட்டே அல்ல. ஆகவே நல்ல ஸ்கிரீன் தன் திறமையைக் காட்டக் கிடைப்பவை முதல் சில நொடிகள் மட்டுமே, அதாவது உலர்ந்த தூள் நனையத் தொடங்கும் நேரம். அந்த நொடிகளில் ஒரு பக்கம் முதலில் நனைந்து உப்பிக்கொண்டு, மறுபக்கம் உலர்ந்தே கிடந்தால், பிற்பாடு அழுத்தம் சமமானாலும் வில்லை சமமாக இருக்காது.

பழைய தகட்டைக் கழற்றி வெளிச்சத்தில் பிடித்தபோது, விளிம்பை ஒட்டிய துளைகளில் பாதிக்கு மேல் காப்பி எண்ணெய் தார்போல் இறுகி அடைத்திருந்தது. நடுத் திருகைச் சுற்றியுள்ள துளைகள் மட்டும் சுத்தமாக இருந்தன, நீர் அந்த வழியாகவே வந்துகொண்டிருந்ததால். போர்ட்டாஃபில்டரை மாட்டாமல் பம்பை ஓட்டிக் கீழே ஒரு சிறு கண்ணாடியைப் பிடித்துப் பார்த்தால், தகட்டில் பரவ வேண்டிய நீர் திருகின் தலையில் வந்து திரண்டு, தடித்த ஒற்றைத் தாரையாக விழுந்தது. புதிய ஸ்கிரீனில் அதே சோதனையைச் செய்தபோது, வலையின் அடிப்பரப்பு முழுவதும் நீர் முதலில் வியர்வைபோல் துளிர்த்து, பிறகு நெருங்கிய மெல்லிய இழைகளாக இறங்கியது. பார்க்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் விற்பவர்கள் காட்டும் காணொளிகள் எல்லாம் இந்தக் காட்சியோடு நின்றுவிடுகின்றன. எதிர் அழுத்தம் இல்லாத திறந்த வெளியில் நீர் விழும் விதத்தை மட்டும் வைத்துக் கோப்பையைத் தீர்மானித்துவிட முடியாது. என் பழைய தகட்டைச் சோப்புத் தூளில் ஊறவைத்துத் தேய்த்துச் சுத்தம் செய்து மறுபடியும் மாட்டிப் பார்த்தேன்; வித்தியாசத்தில் கணிசமான பகுதி அப்போதே மறைந்துவிட்டது. அழுக்குத் தகட்டையும் புதுத் தகட்டையும் ஒப்பிடுவது நியாயமான ஒப்பீடே அல்ல.

சுத்தம் செய்த பழையதற்கும் புதியதற்கும் இடையே மிஞ்சிய வித்தியாசத்தைத்தான் மதிப்பிட வேண்டும். அடிப்பாகம் திறந்த போர்ட்டாஃபில்டரில் 18 கிராம் தூள் போட்டு 36 கிராம் சாறு இறக்கும் வழக்கமான அளவில், பழைய தகட்டில் முதல் சொட்டுகள் எப்போதும் பேஸ்கெட்டின் (போர்ட்டாஃபில்டருக்குள் தூளைத் தாங்கும் துளைக்கிண்ணம்) ஓர் ஓரத்திலிருந்தே தொடங்கும். மறு ஓரம் சற்றுப் பின்னால் வந்து சேரும். புதியதில் அடிப்பரப்பு முழுவதும் ஏறக்குறைய ஒரே நேரத்தில் கருக்கிறது, இழைகள் நடுவில் கூடி ஒரே தாரையாகத் தொங்குகின்றன. அரைப்பை மாற்றாமல் இருந்தால், சாறு இறங்கும் நேரம் கோப்பைக்குக் கோப்பை முன்பைவிடக் குறைவாகவே தடுமாறுகிறது. சுவையைப் பொறுத்தவரை என் நாக்கை மட்டும் நம்ப விரும்பாமல், புதுச்சேரியிலிருந்து வந்திருந்த மாமாவிடம் எது எது என்று சொல்லாமல் இரண்டு கோப்பைகளை நீட்டினேன். இரண்டையும் உறிஞ்சிப் பார்த்துவிட்டு, “இது கொஞ்சம் வழவழப்பா இருக்கு மாப்பிள்ளை, ஆனா இதுக்கா இவ்வளவு பணம்?” என்றார். வழவழப்பாக இருந்தது புதியதுதான். அவருடைய கேள்வியும் நியாயமானதுதான்.

வீட்டு இயந்திரங்களில் மாற்றம் இவ்வளவு அடக்கமாக இருப்பதற்கு ஒரு காரணம் உண்டு. இவற்றில் பெரும்பாலும் அதிர்வு பம்பே இருக்கிறது. அது அழுத்தத்தைப் படிப்படியாகத்தான் ஏற்றும், ஆகவே தூள் நனைய ஓரளவு அவகாசம் தானாகவே கிடைத்துவிடுகிறது. சுழல் பம்ப் வைத்த கடை இயந்திரங்களில், முன்நனைப்பு வசதி இல்லையென்றால், நீர் சட்டென்று முழு வேகத்தில் வந்து மோதும். அங்கே நல்ல ஸ்கிரீனின் பயன் இதைவிடத் தெளிவாகத் தெரியும். வீட்டில் இதற்கு முன்னால் சரிசெய்ய வேண்டியவை வேறு இருக்கின்றன. முதலாவது கிரைண்டர். அடுத்தது, 2005-இல் ஜான் வைஸ் என்பவர் பரிந்துரைத்த முறைப்படி மெல்லிய ஊசிகளால் பேஸ்கெட்டில் உள்ள தூளைக் கிளறிக் கட்டிகளை உடைப்பது. இதற்குச் செலவே இல்லை, பலன் எந்த ஸ்கிரீனையும் மிஞ்சும். மூன்றாவதைப் பலர் நினைத்தே பார்ப்பதில்லை: இயந்திரம் மட்டமாக நிற்கிறதா? சமையல் மேடை ஒரு பக்கம் சாய்ந்திருந்தால், எவ்வளவு நுண்ணிய வலையாக இருந்தாலும் நீர் தாழ்ந்த பக்கத்தில்தான் முதலில் சேரும். ரசமட்டத்தை இயந்திரத்தின் தலையில் வைத்துப் பார்த்துவிட்டுப் பிறகு கடைப்பக்கம் போகலாம்.

வலையின் நுண்மை பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் நம் தீவில் அது வெறும் ருசி சம்பந்தப்பட்ட விஷயம் அல்ல. இந்த ஸ்கிரீன்கள் 35 மைக்ரான் வலையிலும் 200 மைக்ரான் வலையிலும் கிடைக்கின்றன. நுண்ணியதே சிறந்தது என்று தோன்றும். ஆனால் துளை சிறுக்கச் சிறுக்கக் காப்பி எண்ணெயும் நுண்தூளும் விரைவில் அடைத்துக்கொள்ளும். அடைத்த 35 மைக்ரான் வலை, சுத்தமான சாதாரணத் தகட்டைவிட மோசமாகத்தான் நீரைப் பரப்பும். எரிமலைப் பாறைமேல் ஓடிவரும் நம் குழாய்நீர் பெரும்பாலும் மென்மையானது என்பதால் சுண்ணாம்புப் படிவு பற்றிய கவலை இங்கே குறைவு. ஆனால் புயல் மழைக்குப் பிறகு குழாயில் கலங்கல் நீர் வருவது இங்கு வசிக்கும் எல்லோருக்கும் தெரிந்ததே. ஸ்கிரீனுக்கு வெளியிலிருந்து வருவது தூள் என்றால், உள்ளிருந்து வருவது இந்த வண்டல். அந்த நாட்களில் புட்டி நீரையோ வடிகட்டிய நீரையோ ஊற்றுவது காப்பிக்கு மட்டுமல்ல, வலைக்கும், நீரின் வழியைத் திறந்து மூடும் சோலினாய்டு வால்வுக்கும் நல்லது. தினமும் காப்பி போடும் வீட்டுக்கு 200 மைக்ரானே போதும் என்பது என் முடிவு.

இந்தத் தீவில் இருந்துகொண்டு எந்தக் காப்பியில் சோதித்தேன் என்று சொல்லாமல் விட முடியாது. 1715-இல் ஏமனின் மோக்காவிலிருந்து இங்கே கொண்டுவரப்பட்ட செடிகளிலிருந்துதான் போர்போன் என்ற வகை உலகெங்கும் பரவியது. பிற்காலத்தில் கரும்பு அதை ஓரங்கட்டியது, அந்தக் கரும்புத் தோட்டங்களுக்குத்தான் நம் முன்னோர் கப்பலேறி வந்தார்கள். காஃபின் குறைவாக உள்ள போர்போன் புவேந்த்து என்ற இத்தீவு வகையின் விலை கருதி அதைச் சோதனைக்கு எடுக்க மனம் வரவில்லை. நடுத்தரமாக வறுத்த சாதாரண அரபிகா கொட்டையையே பயன்படுத்தினேன். இளவறுப்புக் கொட்டையில் வித்தியாசம் சற்று எடுப்பாகத் தெரிந்தது. அதை மிக நுண்ணியதாக அரைக்க வேண்டியிருப்பதால் சேனலிங்குக்கு இடம் அதிகம், ஆகவே முதல் நனைப்பு சீராக இருப்பது அங்கே கூடுதலாக உதவுகிறது. கருக வறுத்த கொட்டையில் கண்ணை மூடிக்கொண்டு குடித்தால் இரண்டையும் பிரித்துச் சொல்ல என்னால் இயலவில்லை.

பொருத்துவது கடினமான வேலை அல்ல. இயந்திரம் முழுவதும் ஆறிய பிறகு, மின் இணைப்பைப் பிடுங்கிவிட்டு, நடுத் திருகைக் கழற்றினால் தகடு கையோடு வந்துவிடும். காஜா கிளாசிக், ரான்சிலியோ சில்வியா போன்ற வீட்டு இயந்திரங்களில் இப்படி ஒற்றைத் திருகுதான். 1961-இல் ஃபாயமா அறிமுகப்படுத்திய ஈ61 வகைக் குரூப்பில் (போர்ட்டாஃபில்டரை மாட்டும் தலைப்பகுதி) திருகே கிடையாது; ஸ்கிரீன், நீர் கசியாமல் அடைக்கும் ரப்பர் வளையமான கேஸ்கெட்டோடு சேர்த்து இறுக்கமாகச் செருகப்பட்டிருக்கும், கேஸ்கெட் காய்ந்து கல்லாகியிருந்தால் நெம்பி எடுக்கும்போது அது துண்டு துண்டாகத்தான் வரும். ஸ்கிரீனுக்கு மேலே நீரைப் பிரித்தனுப்பும் தட்டு ஒன்று இருக்கும். அது அலுமினியமாக இருந்து, முகம் அரித்துக் குழி விழுந்திருந்தால், புது ஸ்கிரீனை அதன்மேல் மாட்டுவதில் பொருளில்லை; பித்தளையிலோ துருப்பிடிக்காத எஃகிலோ செய்த தட்டையும் சேர்த்து மாற்றுவதே முறை. திருகை முறுக்கேற்றி இறுக்கவும் வேண்டாம், நீரின் அழுத்தத்தில் அது அசையப் போவதில்லை.

மாற்றிய பிறகு தூளின் அளவை ஒருமுறை சரிபார்க்க வேண்டும், ஏனென்றால் புதிய ஸ்கிரீனின் தடிமனும் திருகுத் தலையின் உயரமும் பழையதைப்போலவே இருக்கும் என்பதற்கு உறுதியில்லை. அமுக்கிய தூளின்மேல் ஒரு 5 யூரோ சென்ட் நாணயத்தை வைத்துப் போர்ட்டாஃபில்டரை மாட்டிக் கழற்றிப் பாருங்கள். நாணயத்தின் தடிமன் 1.67 மில்லிமீட்டர், அது தூளில் அழுந்திப் பதிந்திருந்தால் இடைவெளி போதவில்லை, அரைக் கிராம் குறைக்கலாம். பழைய திருகின் புடைத்த தலை ஒவ்வொரு வில்லையின் நடுவிலும் ஒரு குழியைப் பதித்துவிடும். தட்டைத் தலைத் திருகு போட்டால் அந்தக் குழி மறைகிறது. சில இடங்களில் அது ஸ்கிரீனோடு வருவதில்லை, தனியாகக் கேட்டு வாங்க வேண்டும்.

தூளின்மேல் வைக்கும் 1.7 மில்லிமீட்டர் தடிமனுள்ள வலைவட்டு இதே வேலையை இன்னும் மலிவாகச் செய்கிறதே என்று கேட்பவர்கள் உண்டு. செய்கிறது, மறுக்கவில்லை, ஸ்கிரீனும் அழுக்காகாமல் இருக்கிறது. ஆனால் ஒவ்வொரு கோப்பைக்குப் பிறகும் கொதிக்கும் ஈரத் தூளுக்குள்ளிருந்து அதைக் கிள்ளி எடுத்துக் கழுவ வேண்டும், காலையில் நான்கு பேர் காப்பிக்குக் காத்திருக்கும் வீட்டில் அது பெரிய தொல்லை. இரண்டையும் ஒன்றாகப் போடுவது வீண்.

எனக்கு இந்த ஸ்கிரீனில் மிகவும் பிடித்தது சுவை அல்ல, சுத்தம். வலை தகட்டோடு ஒன்றாக இணைந்திருப்பதால் இரண்டு அடுக்குகளுக்கு நடுவே தூள் போய் மாட்டிக்கொள்வதில்லை. கடைசிக் கோப்பைக்குப் பிறகு சிறிது நீரை ஓடவிட்டு ஈரத்துணியால் ஒரு துடைப்புத் துடைத்தால் பளிச்சென்று இருக்கிறது. எண்ணெய் ஒட்டாத நானோ பூச்சு போட்ட வகையும் உண்டு, விலை கூடுதல். அதைச் சொரசொரப்பான நாரால் தேய்த்தால் பூச்சே போய்விடும் என்பதால், பாத்திரம் துலக்கும் பழக்கத்தில் கை ஓங்குபவர்கள் சாதாரண வகையையே வாங்கலாம்.

சாதாரண வகையின் விலை பிரான்ஸில் 20 யூரோவை ஒட்டியிருக்கிறது. ஆனால் பிரான்ஸின் பெருநிலத்திலுள்ள இணையக் கடைகள் பல நம் தீவுக்கு அனுப்புவதே இல்லை, அனுப்பும் கடைகளில் அஞ்சல் செலவு பொருளின் விலையைத் தாண்டிவிடக்கூடும். கடல்கடந்து வரும் சரக்குக்கு இங்கே ஒக்த்ருவா தெ மேர் வரியும் உண்டு என்பதால், பணம் கட்டுவதற்கு முன் மொத்தத் தொகையைக் கேட்டுக்கொள்ள வேண்டும். ஸ்கிரீனை மட்டும் தனியாக வரவழைப்பது கட்டாது. கேஸ்கெட் கடினமாகி மாற்ற வேண்டிய வேளை வரும்வரை பழையதை ஊறவைத்துத் தேய்த்தே ஓட்டலாம், அப்போது கேஸ்கெட், தட்டைத் தலைத் திருகு, ஸ்கிரீன் மூன்றையும் ஒரே பொட்டலத்தில் வரவழைத்துக்கொள்ளலாம்.