ரீயூனியன் ஓடைக்கரை: கிழக்கா, மேற்கா?

இந்தியப் பெருங்கடலில் உள்ள ரீயூனியன் தீவில் ஓடைக்கரையில் தோட்டம் போடுமுன் காற்றைக் கவனியுங்கள். தென்கிழக்கு வணிகக் காற்று 3,000 மீட்டரைத் தாண்டும் பிதோன் தெ நேஜ் மலையில் முட்டி, கிழக்கே, சாந்தாந்த்ரே ஊர்ப் பக்கத்துச் சரிவிலேயே மழையைக் கொட்டிவிடும். அங்கே ஓடைகளில் நீருக்குப் பஞ்சமில்லை. கரும்பும் வாழையும் செழிக்கும். ஆனால் வடிகால் வெட்டாவிட்டால் வேர் அழுகும். எலிக்காய்ச்சல் ஆபத்து இருப்பதால் ரப்பர் பூட்ஸ் இல்லாமல் சேற்றில் இறங்காதீர்கள்.

மேற்கே, சென்போல் ஊர்ப் பக்கம், மழை மறைவுப் பகுதி. ‘ரவின்’ எனப்படும் ஓடை இங்கே பல மாதம் வெறும் கல் பள்ளம்தான். எரிமலைப் பாறை நீரை உறிஞ்சிவிடுகிறது. (ஊற்றுநீர் ஓடும் சென்ழில் ஓடை விதிவிலக்கு.) காய்ந்த பள்ளம்தானே என்று அதில் கொட்டகை போடுவதுதான் பெரிய தவறு. நவம்பர் முதல் ஏப்ரல் வரை மலையுச்சியில் மழை பிடித்தால், கீழே வெயில் அடிக்கும்போதே வெள்ளம் பாறையை உருட்டி வரும். தரைப்பாலம் மூழ்கியிருந்தால் காரில் கடக்கவே வேண்டாம். பாசனத்துக்கு, சலாசி, மஃபாத் மலைப்பகுதிகளிலிருந்து சுரங்கம் வழியே வரும் நீரையே நம்ப வேண்டும். மாமரம் வைக்க மட்டும் மேற்குதான். பூக்கும் காலத்தில் அதற்கு வறட்சி வேண்டும்.