டிவி கிடைக்காத ராத்திரிகளுக்கு ரிமோட் பிளே

எங்கள் வீட்டு ஹாலில் ஒரே ஒரு டிவி. அதற்கு நான்கு உரிமையாளர்கள். அதில் மாட்டியிருக்கும் பிஎஸ் 5 (பிளேஸ்டேஷன் 5) கேம் கன்சோலை வாங்கியவன் நான்தான் என்றாலும் வரிசையில் கடைசி ஆளும் நான்தான். பத்து மணிக்கு என் முறை வரும், பத்தரைக்குத் தூக்கம் வரும். 60 மணி நேரக் கதை விளையாட்டு ஒன்றை இந்த வேகத்தில் முடிக்க 120 ராத்திரி வேண்டும் என்று கணக்குப் போட்ட அன்றுதான் கன்சோல் விளையாட்டை லேப்டாப் திரையில் ஆட வைக்கும் சோனியின் மென்பொருளான பிஎஸ் ரிமோட் பிளேயை இறக்கினேன்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடுகிறேன், ஏனென்றால் என் நண்பர்களில் பாதிப் பேருக்கு அது இருக்கிறது. இது கிளவுட் கேமிங் இல்லை. எங்கோ இருக்கும் சர்வரில் எதுவும் ஓடவில்லை. விளையாட்டு ஓடுவது ஹாலில் இருக்கும் என் பிஎஸ் 5-இல். அது ஒவ்வொரு பிரேமையும், அதாவது திரையில் அடுத்தடுத்து வரும் ஒவ்வொரு படத்தையும், வீடியோவாகச் சுருக்கி அனுப்புகிறது, லேப்டாப் அதை விரித்துக் காட்டுகிறது, நான் அழுத்தும் பட்டன் திரும்பிப் போகிறது. மாதச் சந்தா கிடையாது, மென்பொருளும் இலவசம். புதிய விஷயமும் இல்லை. பிஎஸ் 4-இலிருந்து கம்ப்யூட்டருக்கு 2016 ஏப்ரலிலேயே வந்துவிட்டது, அப்போது படத் தரம் 720பி வரைதான். மைக்ரோசாஃப்ட் அதற்கு முந்தைய வருடமே விண்டோஸ் 10 கூடவே எக்ஸ்பாக்ஸ் ஒன்னுக்கு இதே வசதியைக் கொடுத்திருந்தது. எனக்குத்தான் இவ்வளவு நாள் தேவைப்படவில்லை.

நிறுவுவது எளிது. இரண்டு பக்கமும் ஒரே கணக்கில் நுழைந்தால் கன்சோலைத் தானே கண்டுபிடித்துக்கொள்கிறது. கண்டுபிடிக்காவிட்டால் கன்சோல் காட்டும் எட்டு இலக்க எண்ணைத் தட்டலாம். ரெஸ்ட் மோடில், அதாவது அரைத் தூக்கத்தில், இருக்கும் கன்சோலைத் தூரத்திலிருந்து எழுப்ப வேண்டுமென்றால் செட்டிங்ஸில் இரண்டு இடங்களை ஆன் செய்ய வேண்டும்: ரெஸ்ட் மோடிலும் இன்டர்நெட்டில் இணைந்திருப்பது ஒன்று, நெட்வொர்க் வழியாக ஆன் ஆவதற்கு அனுமதி இன்னொன்று. கூடவே நான் மறந்த மூன்றாவது ஒன்று உண்டு. கன்சோல் ஆன் ஆனால் டிவியும் ஆன் ஆகட்டும் என்று எப்போதோ நானே வைத்திருந்தேன். ஒரு நாள் நள்ளிரவு அறையில் படுத்தபடி கன்சோலை எழுப்பினேன். ஹாலில் டிவி முழுச் சத்தத்தோடு விழித்தது, அதற்குப் பின்னால் வீடே விழித்தது. ஹெச்டிஎம்ஐ செட்டிங்கில் அதை முதலில் அணைத்துவிட்டு மற்ற வேலையைப் பாருங்கள்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். முதல் வாரம் கொடுமை. படம் சதுரம் சதுரமாக உடையும், ஒலி விக்கும், ஓடிக்கொண்டிருந்த கதாபாத்திரம் நான் கையை எடுத்த பிறகும் சுவரில் முட்டிக்கொண்டு நிற்கும். இணைய வேகத்தைச் சோதித்தால் பிரமாதமாகக் காட்டியது. ஒரே வீட்டுக்குள் விளையாடும்போது அந்த வேகத்துக்கு இங்கே வேலையே இல்லை என்பது எனக்குப் பிறகுதான் உறைத்தது. படம் வீட்டை விட்டு வெளியே போவதே இல்லை. சோனி சொல்லும் குறைந்தபட்ச வேகம் 5 எம்பிபிஎஸ் (நொடிக்கு 5 மெகாபிட்), நன்றாக இருக்க 15. எந்தப் பழைய வைஃபையும் தாண்டக்கூடிய அளவுதான். அப்புறம் ஏன் உடைகிறது?

லேப்டாப்புக்கு அருகில் சிக்னல் வராததுதான் காரணம் என்று நினைத்து வைஃபை சிக்னலை வாங்கித் திரும்ப அனுப்பும் மலிவான ரிப்பீட்டர் ஒன்றை வாங்கிச் செருகினேன். சிக்னல் கோடுகள் நிறைந்தன, படம் முன்பைவிட மோசமானது. ரிப்பீட்டர் கேட்பதையும் அதே அலைவரிசையில் திரும்பச் சொல்கிறது, அதனால் பாதி நேரம் அதற்கே போய்விடுகிறது. வைஃபையை 2.4 கிகாஹெர்ட்ஸில் வைத்திருந்ததும் என் தவறு. அது சுவரைத் தாண்டி நன்றாக வரும், ஆனால் கன்ட்ரோலரின் ப்ளூடூத்தும், சமையலறை மைக்ரோவேவ் ஓவனும், பக்கத்து வீட்டு ரவுட்டர்களும் எல்லாம் அங்கேதான் கூட்டம் போடுகின்றன. 5 கிகாஹெர்ட்ஸுக்கு மாறினேன். கொஞ்சம் தேறியது. முழுக்கத் தேறவில்லை.

கடைசியில் விடை என் கண் முன்னாலேயே இருந்தது. ரவுட்டரும் கன்சோலும் ஹாலில் ஒரே அலமாரியில், ஒரு முழ தூரத்தில். அவ்வளவு பக்கத்தில் இருக்கிறதே என்று கன்சோலை வைஃபையில் விட்டிருந்தேன். இதனால் ஒவ்வொரு பிரேமும் காற்றில் இரண்டு முறை பயணம் செய்தது: கன்சோலிலிருந்து ரவுட்டருக்கு ஒரு முறை, ரவுட்டரிலிருந்து லேப்டாப்புக்கு இன்னொரு முறை. ஒரே காற்று, ஒரே அலைவரிசை, இரண்டு மடங்கு நெரிசல். மேசை இழுப்பறையில் கிடந்த பழைய லான் கேபிளை எடுத்து இரண்டுக்கும் நடுவே மாட்டினேன். அன்று ராத்திரி இரண்டு மணி வரை தூங்கவில்லை.

மனப்பிரமையாக இருக்குமோ என்று அளந்தும் பார்த்தேன். லேப்டாப்பை டிவிக்குப் பக்கத்தில் வைத்து, இரண்டு திரையும் தெரியும்படி போனில் நொடிக்கு 240 படம் எடுக்கும் ஸ்லோமோஷனில் பிடித்தேன். டிவியில் ஆள் குதித்ததற்கும் லேப்டாப்பில் குதித்ததற்கும் நடுவே எத்தனை படம் என்று எண்ண வேண்டும். படம் ஒன்றுக்கு நான்கு மில்லி செகண்டுக்குச் சற்று மேல். கன்சோல் வைஃபையில் இருந்தபோது 24 படம், கேபிளில் 13. அதாவது 100 மில்லி செகண்ட் 54 ஆகிவிட்டது. டிவிக்கும் சொந்தமாக ஒரு தாமதம் உண்டு, எனவே இது வித்தியாசம் மட்டும்தான். ஒரு வீட்டில் ஒரு சோம்பேறி எடுத்த அளவு என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

ஆனால் இந்தச் சராசரியைவிட முக்கியமான ஒன்று அந்த வீடியோக்களில் தெரிந்தது. வைஃபையில் ஒரு குதிப்புக்கு 17 படம், அடுத்ததற்கு 40. கேபிளில் 12, 13, 14 என்று ஒரே சீர். தாமதம் ஒரே அளவில் இருந்தால் கை அதைக் கற்றுக்கொள்கிறது. கார் ஓட்டும் விளையாட்டில் இரண்டாவது நாளே வளைவுக்குக் கொஞ்சம் முன்னதாக பிரேக் பிடிக்கப் பழகிவிட்டேன், பழகியதே தெரியவில்லை. தாமதம் ஏறி இறங்கினால் எந்தக் கையாலும் பழக முடியாது. ‘லேக்’ என்று எல்லோரும் திட்டுவது பெரும்பாலும் இந்த ஏற்ற இறக்கத்தைத்தான் என்று எனக்குத் தோன்றுகிறது.

டெக்கன் மாதிரி சண்டை விளையாட்டுகளை மட்டும் இதில் தொடாதீர்கள். அங்கே மிக வேகமான குத்துக்கே 10 பிரேம். நொடிக்கு 60 பிரேம் என்றால் அது நொடியில் ஆறில் ஒரு பங்கு. அதில் மூன்று பிரேமுக்கு மேல் வழியிலேயே வரியாகப் போனால் எதிராளியின் தவறைத் தண்டிக்க மிச்சம் என்ன இருக்கும்? தாளத்துக்குத் தட்டும் விளையாட்டுகளும் அப்படித்தான். மாறி மாறி ஆடும் ஆர்பிஜி (பாத்திரமேற்று ஆடும் விளையாட்டு), புதிர், நிதானமாக ஊர் சுற்றும் திறந்த உலகம் எல்லாவற்றிலும் லேப்டாப்பில் ஓடுகிறது என்பதே மறந்துபோகும்.

படத் தரம் 1080பி வரை கிடைக்கும். பகல் வெளிச்சக் காட்சிகளில் குறை சொல்ல ஒன்றுமில்லை. இருட்டுக் குகையிலும், மழையிலும், புல் முழுக்க அசையும் வெளியிலும் சுருக்கப்பட்ட வீடியோதான் என்பது தெரிந்துவிடும்: கறுப்பு பட்டை பட்டையாகப் பிரியும், புல் கஞ்சியாகும். என் அறையில் நான் 720பி-யில் வைத்து, பிரேம் ரேட்டை ‘உயர்’ என்று மாற்றிக்கொண்டேன். 30 பிரேமில் கூர்மையான படத்தைவிட 60 பிரேமில் சற்று மங்கிய படம் கைக்கு எவ்வளவோ மேல். லேப்டாப்பை சார்ஜரில் போட்டே விளையாடுங்கள். பேட்டரி சேமிப்பு மோடில் என் லேப்டாப் வைஃபைக்குத்தான் முதலில் கை வைக்கிறது.

வெளியூரிலிருந்தும் ஆடலாம். அப்போது வீட்டு இணையத்தின் அப்லோட் வேகம்தான் எல்லாம். எல்லோரும் டவுன்லோடைப் பார்த்துத்தான் இணைப்பு வாங்குகிறோம், எனக்கு வந்திருந்த அப்லோட் அதில் சொச்சம். விடுதி அறையில் 540பி-யில் ஒரு மணி நேரம் சமாளித்தேன், அவ்வளவுதான். போன் ஹாட்ஸ்பாட்டில் முயல்கிறவர்கள் ஒரு கணக்கு வைத்துக்கொள்ளுங்கள்: 15 எம்பிபிஎஸ் என்றால் மணிக்கு ஏறக்குறைய ஏழு ஜிபி.

சின்னச் சந்தோஷம் ஒன்று. பெயரோ பாஸ்வேர்டோ தட்ட வேண்டிய இடத்தில் கம்ப்யூட்டர் கீபோர்டு வேலை செய்கிறது. கன்ட்ரோலரில் ஒவ்வொரு எழுத்தாகத் தேடியவர்களுக்கு இதன் அருமை தெரியும். வீடியோ ஸ்ட்ரீமிங் ஆப்களை ரிமோட் பிளே வழியாகப் பார்க்க முடியாது, விஆர் விளையாட்டும் ஓடாது. இரண்டுமே எனக்குத் தேவையில்லை.

விண்டோஸுக்குப் பதில் லினக்ஸ் போட்ட பழைய லேப்டாப் ஒன்றும் வீட்டில் உண்டு. சோனியின் மென்பொருள் அதற்குக் கிடையாது, அதனால் சியாக்கி என்ற திறந்த மூல மென்பொருளைப் போட்டேன். பதிவு செய்வது சற்றுச் சுற்று வழி, ஆனால் ஓட ஆரம்பித்ததும் எந்த வித்தியாசமும் எனக்குத் தெரியவில்லை. அதை நான் தங்கையிடம் காட்டியிருக்கக் கூடாது. ஒரு நேரத்தில் ஒருவர்தானே கன்சோலில் ஆட முடியும். இப்போது டிவி காலியாகத்தான் இருக்கிறது, கன்சோலுக்கு வரிசையில் நிற்கிறேன். பத்து மணிக்கு என் முறை.